ஆறாவது டிராக்

"மொத்தம் பதினொரு மணி நேரம் ரெக்கார்டிங். காலையில ஏழு மணிக்குக் கதவைச் சாத்தினாங்க. திறந்தப்போ சாயங்காலம் ஆறு. சாப்பாடுகூட உள்ளயேதான்" என்றார் ஒன்பது கை.

"நடுவுல யாருமே வெளிய போகலையா அண்ணா?" என்று கேட்டாள் நெட்டையின் மனைவி.

"சிவப்பு விளக்கு எரியும்போது யார் போவாங்க, தங்கச்சி? எனக்குத்தான் அது எரியறதும் தெரியாது, அணையறதும் தெரியாது."

ஒலிப்பதிவு செய்யும் பெண் சிரித்துவிட்டாள். நெட்டையின் மனைவி சிரித்த சத்தம் கேட்கவில்லை.

ஒன்பது கை என்பது ஸ்டூடியோவில் அவருக்கு வைத்த பெயர். பிறவியிலேயே பார்வை கிடையாது. ஆறு வயதில் பள்ளி விடுதியில் ஓர் ஆர்மோனியத்தைத் தடவிப் பார்த்ததில் ஆரம்பித்து, புல்லாங்குழல், வயலின், மாண்டலின், கிளாரினெட் என்று கைக்குக் கிடைத்த ஒன்பது வாத்தியங்களையும் வசப்படுத்திக்கொண்டார். எந்த நாற்காலி காலியானாலும் அவரைத்தான் கூப்பிடுவார்கள். மேஜையைக் கொடுத்தால் அதற்கும் சுதி சேர்த்துவிடுவான் என்று இசையமைப்பாளர் கிண்டல் செய்வார்.

முப்பத்தெட்டு வருஷத்துக்கு முந்தைய இசைத்தட்டு ஒன்று இப்போது மறுபடி வெளிவருகிறது. இந்த முறை வாசித்த எல்லோருடைய பெயரும் அட்டையில் வரும். மதியம் அச்சுக்குப் போகிறது. யார் எதை வாசித்தார்கள் என்று சொல்ல, அன்றைய ஆட்களில் மிஞ்சியிருப்பவர் இவர் ஒருவர்தான். கிளாரினெட் வாசித்த நெட்டை இறந்து ஒரு வருஷம் ஆகிறது. அவன் சார்பில் மனைவி வந்திருந்தாள்.

டேப் பெட்டியின் மேல் தேதி இருக்கிறதா என்று அவள் கேட்டாள்.

"மார்ச் ஒன்பது. வியாழக்கிழமைம்மா" என்று படித்தாள் ஒலிப்பதிவுப் பெண்.

அதுவரை கைப்பையின் ஜிப்பைத் திறந்து திறந்து மூடிக்கொண்டிருந்தவள் நிறுத்திவிட்டது அவருக்குக் கேட்டது.

வாத்தியத்துக்கு ஒன்றாகப் பதிவாகியிருந்த எட்டு டிராக்குகளையும் அந்தப் பெண் ஒவ்வொன்றாகப் போட ஆரம்பித்தாள். முதல் ஐந்துக்கும் யோசிக்காமல் பதில் சொன்னார். மூன்று அவருடையவைதான். புல்லாங்குழலில் ஓர் இடம் லேசாகப் பிசிறியது. அன்று சாப்பாட்டில் காரம் அதிகம் என்று அதற்கும் காரணம் சொன்னார்.

ஆறாவது டிராக். முதலில் ஒரு மூச்சு. குட்டியாக ஒன்று, பிறகு நீளமாக ஒன்று. அப்புறம் கிளாரினெட் எழுந்தது.

தன் மூச்சு அவருக்குத் தெரியாதா?

அன்றைக்கு நெட்டை வரவே இல்லை. இன்னொரு முறை மட்டம் போட்டால் இந்தப் பக்கமே வர வேண்டாம் என்று இசையமைப்பாளர் முந்தின வாரம்தான் எச்சரித்திருந்தார். கிளாரினெட் தனியாக வாசிக்கும் கட்டம் வந்ததும், ஒன்பது கை தன் கிளாரினெட்டை எடுத்துக்கொண்டு மரத் தடுப்புக்குப் பின்னால் போய் நெட்டையின் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டார். குறிப்பெல்லாம் மனப்பாடம். முந்தின நாள் அவருக்கு அதைப் படித்துக் காட்டியவனே நெட்டைதான். பத்து வருஷமாக அவருக்குக் கண்ணாக இருந்தவன். வாசித்து முடித்ததும் கண்ணாடி அறையிலிருந்து இசையமைப்பாளர், "நெட்டை, இன்னிக்குத்தாண்டா ஒழுங்கா வாசிச்சிருக்கே" என்றார். மொத்த வாத்தியக் குழுவும் சிரிப்பை மறைக்க இருமியது.

மறுநாள் நெட்டை அவர் தோளில் முகம் புதைத்து அழுதான். குடித்துவிட்டு எங்கேயோ கிடந்தேன், வீட்டுக்கு மட்டும் தெரியக் கூடாது என்றான். அவன் சட்டையில் மருந்து நெடிதான் அடித்தது. சாராய வாடையை மறைக்க எதையோ தேய்த்துக் குளித்திருக்கிறான் என்று இவர் நினைத்துக்கொண்டார்.

அட்டையில் அவன் பெயர் மட்டும் வந்தது. கிளாரினெட் என்றால் நெட்டை என்று ஆனது. மேடைதோறும் அதையே வாசிக்கச் சொன்னார்கள். வாசித்து இறங்கியதும் வந்து இவர் கையைப் பிடித்துக்கொள்வான்.

"இது யார் சார்?"

"நெட்டை. வேற யாருக்கு இந்த மூச்சு வரும்?"

அந்த மூச்சை இன்னொரு முறை போடச் சொன்னாள் நெட்டையின் மனைவி. பிறகு இன்னொரு முறை. கேட்கட்டும் என்று இவர் விட்டுவிட்டார். அவளிடம் மிச்சம் இருப்பது இதுதானே.

"நல்லா நினைச்சுப் பாருங்க அண்ணா."

"நினைக்க என்னம்மா இருக்கு? பதினொரு மணி நேரமும் என் பக்கத்துலதானே உட்கார்ந்திருந்தான்."

பேனா தாளில் உரசத் தொடங்கி, பாதியில் நின்றது.

"அவர் பேரை எழுதாதேம்மா. அண்ணா பேரை எழுது" என்றாள் அவள். "இத்தனை வருஷம் பக்கத்துல படுத்தவளுக்குப் புருஷன் மூச்சு தெரியாதா?"

ஒன்பது கை அவசரமாகக் குறுக்கிட்டார். "அவன் மேல தப்பில்ல தங்கச்சி. ஏதோ ஒரே ஒரு நாள்..."

"குடிச்சுட்டுக் கிடந்ததா உங்ககிட்ட சொல்லியிருந்தாராமே. போகிற காலத்துலதான் என்கிட்ட சொன்னார். நீங்க இன்னும் அதை நம்பிட்டு இருக்கீங்களான்னு பார்க்கத்தான் வந்தேன்."

அவர் அவள் குரல் வந்த பக்கம் திரும்பினார்.

"முதல் ரெண்டு தடவை கரு கலைஞ்சப்போ வந்தவங்க போனவங்க எல்லாரும் துக்கம் விசாரிச்சே என்னைக் கொன்னாங்க. மூணாவதும் கலைஞ்சப்போ யார்கிட்டயும் மூச்சு விடக் கூடாதுன்னு அவர்கிட்ட சத்தியம் வாங்கினேன், அண்ணா. அந்தப் பதினொரு மணி நேரமும் அவர் ஆஸ்பத்திரியில என் கையைப் பிடிச்சுட்டு உட்கார்ந்திருந்தார்."