நாற்பத்தைந்தில் சுற்ற வேண்டிய தட்டு

மேடைக்குப் பின்னால் இருந்த அறைக்குள் இசை விமர்சகர் ஹார்லன் ப்ரூயிட் நுழைந்ததும் மார்லீன் சிகரெட்டை அணைத்தாள்.

அவர் பத்திரிகையில் நல்லதாக நாலு வார்த்தை எழுதினால் பாட்டு விற்கும். எழுதாவிட்டால் குப்பை. ராக் பாடுகிறவர்கள் கடவுளுக்குப் பயந்தார்களோ இல்லையோ, இந்த மனிதரின் பேனாவுக்குப் பயந்தார்கள்.

ஆறு வருடத்துக்கு முன் அவளுடைய முதல் இசைத்தட்டைப் பற்றி அவர் ஒரு பக்கம் எழுதினார். கல்லறைக்குள்ளிருந்து வரும் குரல், ஆணா பெண்ணா தெரியவில்லை, இது ஒரு தலைமுறையின் ஒப்பாரி என்று.

அது குதித்து ஆட வேண்டிய பாட்டு. அமெரிக்காவின் கிளீவ்லாண்டில் குடியேறிய ஸ்லோவேனியர் கல்யாணங்களில் அப்பா அக்கார்டியனில் வாசித்த துள்ளல் தாளத்தைத்தான் அவள் கிடாருக்குக் கொண்டுவந்திருந்தாள்.

தட்டு நிமிடத்துக்கு நாற்பத்தைந்து சுற்று சுற்ற வேண்டும். அதை லேபிளில் அச்சடிக்க மறந்து தொலைத்தார்கள். பெரிய தட்டுகள் முப்பத்துமூன்றில்தானே சுற்றும் என்று மனிதர் வழக்கம்போல் அதிலேயே ஓடவிட்டு, மெதுவாகித் தடித்துப்போன குரலைக் கேட்டு உருகி உருகி எழுதிவிட்டார்.

ஊரே ஒப்பாரி கேட்க ஓடி வந்தது. அடுத்த முறை அச்சடிக்கும்போது கம்பெனிக்காரன் கூசாமல் முப்பத்துமூன்று என்றே போட்டான்.

மார்லீன் தன் பாட்டையே இழுத்து இழுத்துப் பாடக் கற்றாள். குரல் இறங்க வேண்டும் என்று தினம் இரண்டு பாக்கெட் ஊதினாள். கண்ணாடியில் தன்னைப் பார்த்தாலே எரிச்சலாக வந்தது.

டிரம்ஸ் அடிக்கும் தம்பி ரூடி கதவைத் திறந்து எட்டிப் பார்த்தான். "அக்கா, இன்னிக்கு அப்பா வாசிச்ச வேகம்தானே? கடைசி நேரத்துல காலை வாரிடாத."

அவள் தலையாட்டினாள். ஆனால் அதற்கு முன் இந்த மேதையின் முகம் வெளிறுவதைக் கண்ணால் பார்த்துவிட வேண்டும்.

எல்லாவற்றையும் கொட்டினாள். லேபிளில் இல்லாவிட்டால் என்ன, உங்களுக்குக் காது இல்லையா என்றுகூடக் கேட்டுவிட்டாள்.

ப்ரூயிட்டின் முகம் வெளிறவில்லை. நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார்.

"எழுதின அடுத்த வாரமே வேகம் தப்புன்னு தெரிஞ்சுபோச்சும்மா. சரியான வேகத்துலயும் போட்டு நாலு தடவ கேட்டேன். எழுத ஒரு வரிகூடத் தேறல."

அவர் குரலில் கேலி இல்லை. இருந்திருந்தால் அறைந்திருப்பாள்.

மேடையில் ரூடி குச்சிகளைத் தூக்கிப் பிடித்தபடி சிரித்துக்கொண்டிருந்தான். கீழே கூட்டம் கத்தியது.

மார்லீன் மைக்கைப் பிடித்து, தாளத்துக்கு எண்ணத் தொடங்கி, "ஒன்று" என்றாள்.

இரண்டு சொல்ல அவள் எடுத்துக்கொண்ட நேரத்திலேயே ரூடிக்குப் புரிந்துவிட்டது, இன்றும் முப்பத்துமூன்றுதான் என்று.