பேன் சீப்பு

மகளின் தலையை மடியில் சாய்த்துக்கொண்டு சீப்பை எடுத்தாள்.

குடும்ப நல கோர்ட்டின் குழந்தைகள் அறை. சுவரில் முயலும் கேரட்டும் வரைந்திருந்தார்கள். முயலின் ஒரு காது ஓதத்தில் உரிந்து போயிருந்தது.

சனிக்கிழமைதோறும் இங்கேதான் இருவருக்கும் ஒரு மணி நேரம். மற்றவர்கள் பொம்மை கொண்டுவருவார்கள். இவள் கொண்டுவருவது பேன் சீப்பு.

அப்பா வீட்டில் பிள்ளைக்கு நல்ல சாப்பாடு உண்டு, டியூஷன் உண்டு, தனி ரூம்கூட உண்டு. தலையைப் பார்க்கத்தான் ஆளில்லை. அதில் இவளுக்கு ஒரு சின்னச் சந்தோஷம். வெளியே சொன்னால் கேவலம்.

இன்று சனிக்கிழமை இல்லை. மகள் யூனிஃபார்மோடு வந்திருந்தாள். இந்த வாரம் அம்மாவை ரெண்டு தடவை பார்க்கலாம் என்று அவளுக்கு ஒரே குஷி.

பால்வாடிக்குப் போகிற வயதில் கணவன் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போனான். அந்த வாரமே இவள் மனுப் போட்டாள். பிறகு வாய்தா. ஜட்ஜ் மாற்றலாகிப் போனார். புது ஜட்ஜ் வருவதற்குள் மழைக்காலம் ஒன்று போனது. வந்தபிறகு அவன் வக்கீலுக்குக் காய்ச்சல். அந்தக் காய்ச்சல் காலண்டரைப் பார்த்துத்தான் வரும்.

பிள்ளை மூன்றாம் வகுப்புக்கு வந்துவிட்டது.

பொறுக்கமாட்டாமல் இவள்தான் ஹைகோர்ட்டுக்குப் போனாள்.

குழந்தை வழக்கை இப்படி இழுத்தடிக்கலாமா என்று ஹைகோர்ட் கேட்டது. மூன்று மாதத்துக்குள் முடிக்கச் சொன்னது. வக்கீல் பாக்கியசெல்வியின் கையைப் பிடித்துக்கொண்டு படிக்கட்டிலேயே அழுதாள். வீட்டுக்குப் போகிற வழியில் பிள்ளைக்கென்று ஒரு தலையணை வாங்கினாள்.

முடித்துவிட்டார்கள். சொன்ன கெடுவுக்குள்ளேயே. இன்று காலையில் தீர்ப்பு.

பிள்ளை இத்தனை வருஷமாக அப்பா வீட்டிலேயே வளர்ந்துவிட்டது. பழகிய இடத்திலிருந்து பிடுங்குவது நல்லதல்ல. அப்பாவோடேயே இருக்கட்டும். அவருக்கு மஸ்கட்டில் வேலை, கூட்டிக்கொண்டு போகலாம். அம்மா வீடியோ காலில் பேசலாம். பெரிய லீவுக்கு ஊர் வரும்போது வைத்துக்கொள்ளலாம்.

ஜட்ஜ் நல்ல மனுஷர். இந்த ஒரு மணி நேரத்தை அவராகவே கொடுத்தார்.

இழுக்கிறார்களே என்று ஹைகோர்ட் வரை போய் அழுதாகிவிட்டது. முடித்துவிட்டார்களே என்று எங்கே போய் அழுவது? அப்பீல் பண்ணலாம் என்றார் பாக்கியசெல்வி. சொல்லிவிட்டு அவரே தரையைப் பார்த்தார்.

பிள்ளைக்கு எதுவும் தெரியாது. மஸ்கட் விஷயத்தை வீட்டுக்குப் போய் நானே சொல்லிக்கொள்கிறேன் என்று அவன் சொல்லியிருந்தான்.

சொல்லிவிடலாமா என்று இவள் வாயைத் திறந்தாள். மகள் முந்திக்கொண்டாள்.

"எல்லாத்தையும் எடுத்துராதம்மா. சனிக்கிழமைக்கு ரெண்டு வச்சிரு."

இவள் சீப்பை மறுபடி தலையில் வைத்தாள்.

சீவினாள். வகிடு வகிடாகப் பிரித்து, உச்சியிலிருந்து பிடரி வரைக்கும் சீவினாள். ஈரை உருவினாள். பேனைக் குத்தினாள். மகள் அரைத்தூக்கத்தில் கிளாஸில் யாரோ வாந்தியெடுத்த கதையைச் சொல்லிக்கொண்டிருந்தாள். இவள் ம் கொட்டினாள்.

வாசலில் அவன் வந்து நின்றான். உள்ளே வரவில்லை. வாட்சைப் பார்த்தான்.

சீப்பின் பல்லிடுக்கில் ஒரு பேன் நெளிந்தது. கொழுத்த பேன். எடுத்துக் கட்டைவிரல் நகத்தில் வைத்தாள்.

குத்தவில்லை.

காதுக்குப் பின்னால், முடி அடர்ந்த இடமாகப் பார்த்து, மெதுவாக விட்டாள்.

பிறகு இரட்டைச் சடை பின்னி, அவிழாதபடி ரிப்பனை இறுக்கிக் கட்டினாள்.