கத்தி யார் கையில்?

"வந்துட்டான் பாரு, மறுபடியும்," என்றான் கோபி.

எழிலரசி திரையைப் பார்த்தாள். கோபுரத்துக்கு முன்னால் நீலச் சட்டை போட்ட பொம்மை ஒன்று நின்றுகொண்டிருந்தது. அதன் தலைக்கு மேல் ‘சரவணா’ என்ற பேர்.

"அது சரவணகுமார் இல்ல. அவன் ஓசூர்ல வேலைக்குச் சேர்ந்துட்டான். கம்ப்யூட்டரை வீட்லயே விட்டுட்டுப் போயிருக்கான். போன் பண்ணேன், ஷிஃப்ட்ல இருக்கான் போல, எடுக்கல," என்றாள் எழிலரசி.

"அப்ப இது யாரு?" என்றாள் சிந்துஜா.



மூவரும் அவரவர் வீட்டில் ஹெட்போன் மாட்டிக்கொண்டு ஆடிக்கொண்டிருந்தார்கள். எதையும் கட்டலாம், எதையும் உருட்டித் தள்ளலாம் என்கிற மாதிரியான வீடியோ கேம். ஓசூர் போவதற்கு முன் சரவணகுமார் அதற்குள் திருவண்ணாமலையையே கட்டி வைத்திருந்தான். மலை, கோபுரம், கிரிவலப் பாதை, எட்டு லிங்கம், டீக்கடை வாசலில் கால் உடைந்த பிளாஸ்டிக் நாற்காலிகூட உண்டு.

அந்த ஊருக்குள் இவர்கள் ஆடுவது கொலைகார ஆட்டம். ஒவ்வொரு முறையும் ஒருவர் கைக்குக் கத்தி வரும், இன்னொருவர் கைக்குத் துப்பாக்கி. யாரிடம் எது என்பது அவரவருக்கு மட்டும்தான் தெரியும். கத்தி வைத்திருப்பவர் மற்ற எல்லாரையும் குத்த வேண்டும். துப்பாக்கி வைத்திருப்பவர் அதற்குள் அவரைக் கண்டுபிடித்துச் சுட வேண்டும். ஆட்டம் முடிந்ததும் கொலைகாரரின் பேர் திரையில் வரும்.

நீலச் சட்டை நடக்க ஆரம்பித்தது. ஓடவில்லை, ஒளியவில்லை. பாதையின் இடது ஓரமாகவே போனது.

"நடையே திருட்டு நடையா இருக்கு," என்றான் கோபி. "நேத்தும் இப்படித்தான், வாயே திறக்கல. பேசாம இருக்கறவன்தான் டேஞ்சர்."

அக்னி லிங்கத்தின் முன்னால் நீலச் சட்டை நின்றது. ஒருமுறை குனிந்து நிமிர்ந்தது.

"கீழ எதையோ எடுக்கறான்!"

கோபி சுட்டுவிட்டான். சுடப்பட்டவர் நிரபராதி என்றது திரை.

"பரவால்ல. ஒரு ஆள் கம்மி."

அடுத்த ஆட்டத்தில் துப்பாக்கி சிந்துஜாவிடம் வந்தது. நீலச் சட்டை மறுபடியும் கோபுரத்திலிருந்து கிளம்பி, எம லிங்கம் வரைக்கும் போனது. அங்கே குனிந்தது. சிந்துஜா சுட்டாள்.

அப்போதும் நிரபராதிதான்.

"யாரோ அவன் பாஸ்வேர்டைத் திருடிட்டாங்க," என்றாள் எழிலரசி. சர்வர் அவள் பொறுப்பு. "தூக்கிடறேன். அப்புறம் அந்தப் பேர்ல யாரும் உள்ளயே வர முடியாது."

"தூக்கு, தூக்கு. இதுல யோசிக்க என்ன இருக்கு?" என்றான் கோபி.

"ஒரு தடவை கேட்டுடலாம்." எழிலரசி குரலை உயர்த்தினாள். "ஏய், யாரு நீ? பேசணும்னா ‘வி’ பட்டனை அமுக்கிப் பிடி. பேசலன்னா வெளிய போயிடுவ."

நீலச் சட்டை ஒரு துள்ளுத் துள்ளியது. இருந்த இடத்திலேயே ஒரு சுற்றுச் சுற்றியது. பிறகு மூவர் காதிலும் குக்கர் விசில் கேட்டது.

"கேக்குதாம்மா? நான் சரவணன் அம்மா, தங்கம்மாள். எந்தப் பட்டன்னு நேத்துலேர்ந்து தேடிக்கிட்டிருக்கேன்."

எழிலரசி மவுஸிலிருந்து கையை எடுத்தாள்.

"கால்ல தகடு வச்சிருக்காங்க கண்ணு. ஒரு பௌர்ணமியும் விடாம சுத்தினவ, இன்னிக்கு இப்படி உக்காந்திருக்கேன். நான் கட்டின மலையச் சுத்தும்மான்னு பையன்தான் போன்ல சொல்லிக் குடுத்தான். எங்க, எம லிங்கத்தைத் தாண்டவே விட மாட்டேங்கறீங்க. விழுந்தா முதல்லேர்ந்துதான நடக்கணும்?"

"சாரி ஆன்ட்டி," என்றான் கோபி.

"திருட்டு நடைன்னது நீதான? குரல் தெரியுது."

எழிலரசி உடனே முடிவு செய்தாள். "இந்த ஆட்டத்துல யாரும் யாரையும் குத்தக் கூடாது, சுடக் கூடாது. ஆன்ட்டி சுத்தி முடிக்கட்டும். நாமளும் கூடவே போறோம்."

ஆட்டம் தொடங்கியது. கொஞ்ச தூரம் போனதும் கோபி கேட்டான்:

"சரி, கத்தி யார்கிட்ட?"

"என்கிட்ட இல்ல," என்றாள் சிந்துஜா.

"என்கிட்டயும் இல்ல," என்றாள் எழிலரசி.

"நான் சத்தியமா இல்ல. அப்ப உங்கள்ல ஒருத்தி பொய் சொல்றீங்க."

"சத்தியம் பண்றவனைத்தான் நம்பக் கூடாது. நீ முன்னாடி நட," என்றாள் சிந்துஜா.

"நடந்தா முதுகுல குத்துவ. நீ நட."

நீலச் சட்டை ஒவ்வொரு லிங்கத்திலும் நின்று குனிந்தது. மூவரும் அதைச் சுற்றி, ஒருவரையொருவர் பார்த்தபடி பின்பக்கமாகவே நடந்தார்கள். நிருதி லிங்கம் தாண்டியது. வருண லிங்கத்தில் கோபி ஒரு அடி பக்கத்தில் வந்தான். சிந்துஜா துப்பாக்கியை எடுத்துவிட்டாள்; இந்த முறையும் அது அவளிடம்தான் வந்திருந்தது.

"கிட்ட வராத. சுட்டுடுவேன்."

"சுடாத சிந்து," என்றாள் எழிலரசி. "அவன்தான் கொலைகாரன்னா ஆட்டம் இதோட முடிஞ்சிடும். ஆன்ட்டி மறுபடியும் கோபுரத்துலேர்ந்து நடக்கணும்."

சிந்துஜா துப்பாக்கியை இறக்கினாள். ஆனால் உள்ளே வைக்கவில்லை.

குபேர லிங்கம். ஈசான்ய லிங்கம். கடைசியில் கோபுரம். நீலச் சட்டை அங்கே நீண்ட நேரம் குனிந்தபடியே இருந்தது. ஹெட்போனில் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது.

ஆட்டத்தின் நேரம் முடிந்தது. கொலைகாரரின் பேர் திரையில் வந்தது.

சரவணா.

கோபி அதை இரண்டு முறை படித்தான்.

"ஆன்ட்டி... கத்தி உங்ககிட்டயா இருந்துச்சு?"

"ஆமா கண்ணு, கிளம்பறப்பவே கைக்கு வந்துச்சு. நீங்க என்னை மட்டும் கேக்கவே இல்லையே. சாமி சுத்தப் போறவளுக்குக் கத்தி எதுக்குன்னு அப்பவே உள்ள வச்சுட்டேன்."