மனுவை டைப் செய்தவள்

காட்டிக் கொடுத்தது அக்காதான்.

கோர்ட் வராந்தாவில் அது எல்லாருக்கும் தெரிந்துவிட்டது. ஏ.சி. மெக்கானிக்கைப் பதிவுத் திருமணம் செய்துகொண்டு பத்து நாளாக ஒளிந்திருந்த தங்கையைக் காலையில் போலீஸ் அழைத்து வந்து நிறுத்தியிருந்தது. 'மகளைக் காணவில்லை, கண்டுபிடித்து ஒப்படைக்க வேண்டும்' என்று மனு போட்டவர் அப்பா. விலாசத்தையும் சொல்லி, மனுவையும் டைப் செய்து கொடுத்தவள் அக்கா. வக்கீல் ஆபீசில் டைப்பிஸ்ட்.

"நீயெல்லாம் கூடப் பிறந்தவளா?" தங்கை நேராக அவளிடம் வந்தாள். "உன்னை நம்பித்தானே போன் பண்ணினேன்?"

தங்கையின் கைப்பையைத் தன் தோளில் மாட்டிக்கொண்டு கூச்சமில்லாமல் நின்ற மெக்கானிக்கையே அக்கா பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பார்க்கிறதைப் பாரு. வயித்தெரிச்சல். உனக்குக் கிடைக்காதது எனக்கும் கிடைக்கக் கூடாது, அதானே?"

"அதுவும்தான்" என்றாள் அக்கா.

ஏழு வருஷத்துக்கு முன் அக்காவும் ஒரு போட்டோ ஸ்டுடியோக்காரனோடு போனவள்தான். மூன்றாம் நாள் வீட்டில் இருந்தாள். அடுத்த மாதமே வேறொருவனுக்குக் கழுத்தை நீட்டினாள். மானம் மானம் என்று அந்த வீட்டு ஆண்கள் பேசுவார்கள். விலை கொடுப்பது எப்போதும் பெண்கள். அன்றிலிருந்து தங்கை சிரித்தால்கூட அக்காவுக்குப் பொறுக்காது என்று வீட்டில் பேச்சு. அந்தப் பேச்சினால்தான் அப்பா அவளை நம்பினார்.

சித்தப்பா அப்பாவின் காதருகே குனிந்தார்.

"வேனை வாசல்லயே நிறுத்தியிருக்கேன் அண்ணே. ஒப்படைச்சதும் நேரா ஏத்திடலாம்."

"பெரியவ யோசனை நல்லதாப் போச்சு" என்றார் அப்பா. "கோர்ட்டே பிடிச்சுக் கொடுக்கும்போது நாம எதுக்குத் தெருத்தெருவா அலையணும்?"

வழக்கு எண்ணைக் கூப்பிட்டார்கள்.

நீதிபதி காகிதத்தைப் புரட்டிவிட்டுத் தங்கையை நிமிர்ந்து பார்த்தார்.

"வயசு என்னம்மா?"

"இருபத்திமூணுங்க."

"யாராவது கடத்திட்டுப் போனாங்களா?"

"இல்லைங்க. நானாத்தான் போனேன்."

"இப்ப யார்கூடப் போக விரும்பறே?"

"என் வீட்டுக்காரர்கூட."

"அவ்வளவுதானே. மேஜர் பொண்ணு, அவ இஷ்டம். யாரும் குறுக்கே நிக்கக் கூடாது. ரெண்டு பேருக்கும் போலீஸ் பாதுகாப்புக் கொடுங்க."

ஐந்து நிமிஷத்தில் மனு முடிந்துபோனது.

வெளியே வந்ததும் அப்பா பாய்ந்தார். "நம்ம கையில கொடுப்பாங்கன்னுதானே சொன்னே?"

"அப்படித்தான் நினைச்சேன்பா."

"நினைச்சியா?" சித்தப்பா பல்லைக் கடித்தார். "வாரத்துக்கு நாலு மனு இதே மாதிரி டைப் அடிக்கிறவ நீ. ஜட்ஜ் என்ன கேப்பார்னு உனக்குத் தெரியாதா?"

அக்கா முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள். அதற்குள் போலீஸ்காரர் வந்து வேனை எடுக்கச் சொன்னார். அப்பாவும் சித்தப்பாவும் முணுமுணுத்துக்கொண்டே நடந்தார்கள்.

தங்கை மட்டும் நகரவில்லை. "தெரிஞ்சேதான் செஞ்சியா அக்கா?"

"சித்தப்பா உன் தெருவரைக்கும் வந்துட்டார். வீடு எதுன்னுதான் தெரியலை."

"எங்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே."

"சொன்னா வேற ஊருக்கு ஓடியிருப்பே. எத்தனை ஊருக்கு ஓடுவே?"

தங்கை அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "உனக்குப் பொறாமைன்னு நினைச்சிட்டேனே."

அக்கா மறுபடியும் மெக்கானிக் தோளில் தொங்கிய கைப்பையைப் பார்த்தாள்.

"பொறாமைதான்டி. உன்னைக் கோர்ட் கண்டுபிடிச்சுது. என்னை அந்த வேன்தான் கண்டுபிடிச்சுது."