சுவரில் ஒரு கட்டம்

"சொவரு பூரா டெக்ஸ்சர் பூசறச்ச, கேட்டாண்ட மட்டும் இன்னாத்துக்குய்யா ஒரு கட்டம் பூசாம உடச் சொல்ற?"

வினிதாவின் குரல் எண்ணூர் வரைக்கும் கேட்டிருக்கும்.

அவள் புருஷன் பாஸ்கர் அசரவில்லை. துறைமுகத்தில் கிரேன் ஓட்டுகிறவன். இதைவிடப் பெரிய சத்தமெல்லாம் கேட்டுப் பழகியவன்.

"ஒன்றரை அடிக்கு ரெண்டடி. வழவழன்னு இருக்கணும். அவ்ளோதான்" என்று கொத்தனார் திலீப்பிடம் சொல்லிவிட்டு வேலைக்குக் கிளம்பிவிட்டான்.

வினிதாவுக்குப் பற்றிக்கொண்டு வந்தது. வராதா பின்னே? மீன்பிடித் துறைமுகத்துக்குப் போகிற ரோட்டைப் பார்த்த சுவர். பிறந்தநாள், மஞ்சள் நீராட்டு, கண்ணீர் அஞ்சலி, கட்சிக் கூட்டம் என்று ராயபுரத்துப் போஸ்டர் அத்தனையும் அவள் வீட்டுச் சுவரில்தான். தினமும் விடிந்ததும் தண்ணீரை அடித்து, எது என்னவென்றுகூடப் பார்க்காமல் சுரண்டிப் போடுவாள். ஆறு வருஷமாக இந்தக் கூத்து.

சொரசொரப்பாகப் பூசிவிட்டால் போஸ்டர் நிற்காது என்று திலீப் சொன்னதால்தான், ஃபிரிட்ஜ் மாற்றுகிற ஆசையை ஓரங்கட்டிவிட்டு இந்த வேலையில் இறங்கினாள்.

"இன்னாக்கா பண்ணட்டும்?" திலீப் கரண்டியோடு நின்றான்.

"உட்டுத் தொல. இவரோட தோஸ்துங்க பொறந்தநாளுக்கு இவரு மூஞ்சியப் போட்டு ஒட்டணும்ல, அதுக்குத்தான். நாய் வால நிமுத்த முடியுமா?"

சுவர் அழகாகத்தான் வந்தது. சாம்பல் நிறத்தில் அலை அலையாக, போகிறவர்கள் நின்று பார்த்தார்கள். கேட் பக்கத்தில் அந்தக் கட்டம் மட்டும் கன்னத்தில் பிளாஸ்திரி ஒட்டின மாதிரி. பார்க்கப் பார்க்க அவளுக்கு வயிறு எரிந்தது.

மூன்றாம் நாள் விடியற்காலை. வாசல் பெருக்க வந்தவள் திடுக்கிட்டாள். யாரோ ஒரு அம்மா, சுருட்டிய காகிதமும் பசை டப்பாவுமாகச் சுவரைத் தடவிக்கொண்டு நின்றாள்.

"யாருமா அது? உனுக்கு வேற சொவரே கெடைக்கலயா?" வரிந்துகட்டிக்கொண்டு போனாள் வினிதா.

"கோச்சிக்காத கண்ணு. எம்பேரு அடைக்கலமேரி. திருவொத்தியூர் குப்பத்துலேர்ந்து வர்றேன்."

அந்த அம்மா காகிதத்தை விரித்தாள். காணவில்லை. ரஞ்சித், வயது 22.

"எம்புள்ள. மீன் புடிக்கப் போட்டுல போனவன், திரும்பல, மூணு வருசமாவுது. போட்டுக்காரங்க அல்லாரும் இந்த வழியாத்தான வருவாங்க? எந்தக் கரையிலனா பாத்தேன்னு எவனாச்சும் ஒருத்தன் சொல்ல மாட்டானா? அதான் மாசாமாசம் வந்து ஒட்டுறேன்."

வினிதா துடைப்பத்தைச் சுவரோரம் சாத்தினாள்.

"உன் வூட்டுக்காரரு நல்லாருக்கணும். நைட்டு ஷிப்டு முடிச்சி வர்றச்ச என்னைப் பாத்தாரு. சொவத்தை மாத்தப் போறோம், உனுக்குன்னு ஒரு எடம் வெச்சித் தர்றேன்னாரு."

காகிதம் அந்தக் கட்டத்தில் அளந்து வைத்த மாதிரி உட்கார்ந்தது. அந்த அம்மா மகனின் முகத்தை உள்ளங்கையால் நீவிவிட்டாள்.

"இதுக்கு முன்ன ஒட்டுனது எதுவுமே நிக்கல கண்ணு. யாருதான் இப்டி கிழிக்கிறாங்கன்னு அவராண்ட அழுதுட்டேன். யாரும் கிழிக்கலமா, மழையில கரைஞ்சிருக்கும்னு சொன்னாரு."

ராயபுரத்தில் மழை பெய்து நாலு மாசமாகிறது.

வினிதா தன் கைகளைப் பார்த்துக்கொண்டாள். கரைத்தது யாரென்று பாஸ்கருக்குத் தெரியும். தெரிந்தும் அவளிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை, இந்த அம்மாவிடமும் காட்டிக்கொடுக்கவில்லை.

மேல் மூலை லேசாகப் பிரிந்து தொங்கியது. வினிதா பசையைத் தொட்டு அதை அழுத்தி ஒட்டினாள்.

"இனிமே மழை கரைக்காதுக்கா. நான் பாத்துக்கறேன்."