ரானுயியில் பூத்த பனிமலைப் பூ

“ஒக்லண்ட் சூட்டுக்குப் பனிமலைப் பூ பூக்காது” என்று சாகும்வரை அடித்துச் சொன்னவர் விநாயகமூர்த்தி. அவர் மனைவி வசந்தமலரா விடுவாள்? தினமும் விடிந்ததும், தான் தேத்தண்ணி குடிக்க முன்னமே, ரானுயி வீட்டு முற்றத்தில் அந்தச் செடி நின்ற தொட்டி மண்ணில் ஐஸ் கட்டிகளை அடுக்கினாள். வெயில் ஏறினால் குடையை விரித்து வைத்தாள். இந்தக் கோடையில் அது வெள்ளைவெளேரென்று பூத்தது.

தொட்டியைத் தூக்கிவந்து, மாலை போட்ட கணவரின் படத்துக்கு முன்னால் வைத்தாள்.

“பூக்காதெண்டு சொன்னனீங்கள். இப்ப பாருங்கோ!”

மறுநாள் காலை, படத்தின் கண்ணாடி பனி படர்ந்து வெளுத்திருந்தது. சேலைத் தலைப்பால் துடைத்தாள். போகவில்லை, பனி உட்பக்கம் இருந்தது. அவள் கையை விலக்கியதும், அவர் கண்களுக்கு நேரே, விரலால் துடைத்தாற்போல் இரண்டு வட்டங்கள் உள்ளிருந்து தெளிந்தன.

வசந்தமலர் நிமிர்ந்து நின்றாள். தொட்டியை இன்னும் கிட்ட நகர்த்தினாள்.

“வடிவாப் பாருங்கோ.”