கனசாவாவில் மூன்று இரவுகள்

"கனசாவாவுல மூணு ராத்திரி போடு," என்றார் அப்பா.

மகள் கண்களைத் தேய்த்துக்கொண்டாள். காலையிலிருந்து பரிசோதனைக் கூடத்தில் அறுபது பேருக்கு ரத்தம் எடுத்துவிட்டு அப்போதுதான் வந்திருந்தாள். செருப்பைக் கழற்றிய இடத்திலேயே படுத்துவிடலாம் போலிருந்தது. ஆனால் சாப்பாட்டு மேஜை முழுக்க ஜப்பான் விரிந்து கிடந்தது. நான்கு சனிக்கிழமைகளாக இதே கதைதான்.

"போன வாரம்தானேப்பா முடிவு பண்ணோம்? டோக்கியோ, கியோட்டோ, நாரா, ஒசாகா, ஹிரோஷிமா. அதோட திரும்புறோம்."

"முடிவு நீ பண்ணே. நான் சரின்னு சொல்லலை."

பஸ் டிப்போவில் முப்பத்திரண்டு வருடம் கால அட்டவணை போட்டவர் அப்பா. ஓய்வு பெற்ற பிறகும் அளவுகோலும் சிவப்புப் பேனாவும் அவர் கையை விட்டுப் போகவில்லை. இந்தப் பயணப் பேச்சை எடுத்ததும் அவர்தான். அடுத்த தெருவில் கல்யாணம் என்றாலும் போவதற்கு மூக்கால் அழுகிறவர், ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதே, "ஜப்பானுக்குப் போகலாமா? பழைய கோயில், தோட்டம், மர வீடெல்லாம் பார்க்கணும்போல இருக்கு," என்றார். பரிமாறிக்கொண்டிருந்த அம்மாவின் கரண்டி அப்படியே நின்றுவிட்டது.

"கனசாவாவுல எப்பப் பார்த்தாலும் மழை பெய்யுமாம்," என்றாள் மகள்.

"வீட்டுல குடை இருக்குல்ல?"

"கியோட்டோவுல இருந்து நேரா ரயில்கூடக் கிடையாது. நடுவுல இறங்கி மாறணும்."

"மாறுவோம். எங்க இறங்கணும், எத்தனை நிமிஷம் இருக்கு, எல்லாம் பார்த்து வெச்சுட்டேன்."

"அம்மாவுக்குக் குளிர் ஆகாதுப்பா."

அவள் உதவி கேட்டு அம்மாவைப் பார்த்தாள். சோபாவில் உட்கார்ந்து துணி மடித்துக்கொண்டிருந்த அம்மா தலையை நிமிர்த்தவில்லை.

"ஆமாங்க. அந்த ஊர் எனக்கு ஒத்துக்காது. கியோட்டோவோட நிறுத்திக்கலாம்," என்றாள். ஏற்கெனவே மடித்து வைத்த துண்டை எடுத்து இன்னொரு தடவை மடித்தாள்.

"ரெண்டு ஊர்லயும் ஒரே குளிர்தான். குளிரு ஆள் பார்த்தா அடிக்கும்?"



மகள் பொறுமையாகப் பட்டியலைத் தன் பக்கம் இழுத்தாள். "நமக்கு இருக்கிறதே பன்னிரண்டு நாள். மூணு ராத்திரிக்கு எங்கப்பா போறது?"

"ஹிரோஷிமாவை எடுத்துடு."

"சரி. இன்னும் ஒரு நாள் இடிக்குதே."

"நாராவையும் எடு."

"மான் பார்க்கணும்னு சொன்னது நீங்கதானே?"

"டிவியில பார்த்துக்கிறேன்."

சிவப்புப் பேனா இரண்டு ஊர்களை அடித்தது. பழம்பெருமை பார்க்கப் போகிறேன் என்று கிளம்பியவர், ஆயிரம் வருடக் கோயில்களை ஒவ்வொன்றாகக் கழித்துக்கொண்டிருந்தார். அவளுக்குச் சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை.

"அப்படி என்னதான்ப்பா இருக்கு அங்க?"

"தோட்டம் இருக்கு. சாமுராய் தெரு இருக்கு. தங்கத்தைத் தட்டித் தட்டித் தாளாக்குற பட்டறை இருக்கு."

"அதெல்லாம் ஒரே நாள்ல முடிஞ்சிடும். மிச்ச நாளு?"

அப்பா அளவுகோலை வைத்து ஒரு கோடு போட்டார்.

மகள் பட்டியலைத் தள்ளி வைத்தாள். இவரிடம் ஒன்று, அம்மாவிடம் ஒன்று என்று சமாளித்துச் சமாளித்தே அவளுக்கு நாக்கு தேய்ந்துவிட்டது.

"என்னால முடியலைப்பா. விசாவுக்கு நான்தான் ஓடுறேன். லீவுக்கு மேனேஜர்கிட்ட நான்தான் பல்லைக் காட்டுறேன். உங்களுக்கு உப்பு கம்மி, அம்மாவுக்கு மாடி ஏற முடியாது, அதுக்குத் தகுந்த ரூம் தேடுறதும் நான்தான். ஒரு ஊரு வேணாம்னு சொன்னா கேக்க மாட்டீங்களா?"

குரல் கொஞ்சம் உயர்ந்துவிட்டது. அம்மா மடித்த துணிகளை மார்போடு அணைத்துக்கொண்டு எழுந்தாள். மகளை ஒரு பார்வை பார்த்தாள். பேச்சை வளர்க்காதே என்கிற பார்வை. உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள்.

அப்பா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அது சுத்தமாகத்தான் இருந்தது.

"ரொம்பக் களைச்சுப் போயிட்டே. உட்காரு," என்றார். "நானும்தான் களைச்சுப் போயிட்டேன்."

"நீங்க எதுக்குக் களைக்கணும்?"

"தெரியாத மாதிரியே இருக்கிறது சாதாரண வேலையா?"

அவளுக்குச் சுருக்கென்றது. "எது தெரியாத மாதிரி?"

"வாராவாரம் பாத்ரூம்ல குழாயைத் திறந்துவிட்டுட்டு உங்க அம்மா போன்ல யார்கிட்ட பேசுறான்னு தெரியாத அளவுக்கு என் காது மந்தமாகலைம்மா. தண்ணிச் சத்தத்துலயும் கனசாவாங்கிற பேரு கேக்கத்தான் செய்யுது."

பதினோரு வருடமாக அந்த வீட்டில் யாரும் சத்தமாகச் சொல்லாத ஒன்றை அவர் மேஜைமேல் எடுத்து வைத்துவிட்டார்.

அட்டவணையை அவள் பக்கம் மெதுவாகத் திருப்பினார். மற்ற ஊர்களுக்கெல்லாம் நிமிஷக் கணக்காக எழுதியிருந்தவர், கனசாவாவுக்கு நேராக மூன்று நாள் கட்டங்களையும் வெறுமையாக விட்டிருந்தார்.

"இனிமே இந்த வாசப்படியை மிதிக்காதேன்னு உங்க அண்ணன்கிட்ட சொன்னது நான்தான்," என்றார். சாத்திய கதவை ஒரு தடவை பார்த்துவிட்டுக் குரலை இன்னும் தாழ்த்திக் கேட்டார்: "அவன் வாசப்படியை நான் மிதிக்கக் கூடாதுன்னு அவன் ஏதும் சொல்லியிருக்கானா?"